மோட்டாருக்கு நாடி பார்க்கும் பெட்டி
விலை குறைந்துவிட்டது, சாவி யாரிடம் இருக்கிறது?

பள்ளிக்கூட வாத்தியாராக இருக்கும் என் நண்பர் ஒருவர் மூன்று வருஷங்களுக்கு முன்பு ஒரு பழைய கார் வாங்கினார். காருக்குப் பத்து வயது. ஆனாலும் குடும்பத்தோடு திருத்தணிக்கும் காஞ்சிபுரத்துக்கும் போய்வர அது போதுமானதாக இருந்தது. ஒரு மழைக்காலத்தில், காரின் முன்பலகையில் மஞ்சள் நிறத்தில் ஒரு சிறு விளக்கு எரிய ஆரம்பித்தது. என்ஜின் படம் போட்ட அந்த விளக்கைக் கண்டால் எந்தக் கார்க்காரருக்கும் வயிற்றில் புளியைக் கரைக்கும். நண்பருக்கும் கரைத்தது.

கம்பெனியின் அங்கீகாரம் பெற்ற ஒர்க்‌ஷாப் ஒன்றுக்குக் காரை ஓட்டிக்கொண்டு போனார். அங்கே ஒரு யந்திரத்தை மாட்டிப் பார்த்தார்கள். "ஆக்ஸிஜன் சென்சாரை மாற்ற வேண்டும். 14,000 ரூபாய் ஆகும்" என்றார்கள். "எப்படித் தெரிந்தது?" என்று வாத்தியார் கேட்டார். "கம்ப்யூட்டர் சொல்லுகிறது" என்று பதில் வந்தது. கம்ப்யூட்டரோடு வாதாட முடியுமா? யோசித்துச் சொல்லுகிறேன் என்று திரும்பிவிட்டார்.

மறுநாள் புதுப்பேட்டைப் பக்கம் ஒரு சந்தில் இருக்கும் மெக்கானிக் ஷெட்டுக்குப் போனார். நானும் கூடப் போயிருந்தேன். மெக்கானிக் இளைஞர். ஸ்டியரிங்குக்குக் கீழே குனிந்து, தீப்பெட்டியைவிடச் சற்றே பெரிதான ஒரு பெட்டியைச் செருகினார். பழைய லேப்டாப் ஒன்றைத் திறந்து வைத்துக்கொண்டார். திரையில் எண்கள் ஓடின. என்ஜினைச் சும்மா ஓடவிட்டுப் பார்த்தார். பிறகு ஆக்ஸிலரேட்டரை மிதிக்கச் சொல்லிப் பார்த்தார்.

"சார், விளக்கு பொய் சொல்லலை. சென்சாரும் பொய் சொல்லலை. எங்கேயோ காத்து உள்ளே போகுது. அதைத்தான் சென்சார் சொல்லுது. சொன்னவனையே மாத்தினா எப்படி சார்?" என்றார் அவர்.

பிறகு என்ஜினுக்குப் பின்புறம் கையை விட்டுத் தடவி, வெடித்துப்போன ஒரு ரப்பர் ஹோஸைக் காட்டினார். ஹோஸும் கூலியும் சேர்த்து 850 ரூபாய். அதன் பிறகு அந்த விளக்கு எரியவே இல்லை.

கம்பெனி ஒர்க்‌ஷாப்காரர்கள் ஏமாற்றினார்கள் என்று நான் சொல்ல வரவில்லை. அவர்கள் அவசரப்பட்டிருக்கலாம். ஆனால் இந்தச் சம்பவத்தில் கவனிக்க வேண்டிய விஷயம் வேறு. நேற்றுவரை கம்பெனியின் நாலு சுவர்களுக்குள் இருந்த ஒரு சக்தி இன்று சந்து ஷெட்டுக்கு வந்திருக்கிறது. அது எப்படி வந்தது, அங்கேயே நிலைத்திருக்குமா என்பதுதான் கேள்வி. இந்தக் கேள்வியின் பேரில் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் வழக்குகள் நடந்திருக்கின்றன; பொதுஜன வாக்கெடுப்பே நடந்திருக்கிறது. நம் நாட்டிலும் கோடிக்கணக்கில் அபராதம் விதிக்கப்பட்டிருக்கிறது.

புகையிலிருந்து பிறந்த துவாரம்

அந்தச் சிறு பெட்டியைச் செருகுகிற இடம் எல்லாக் கார்களிலும் ஒரே மாதிரி இருக்கும். ஸ்டியரிங்குக்குக் கீழே, பதினாறு ஊசிகள் கொண்ட ஒரு துவாரம். ஓ.பி.டி. துவாரம் என்று மெக்கானிக்குகள் சொல்லுவார்கள். ஒன்றுக்கொன்று ஜன்மப் பகை கொண்ட கம்பெனிகள் இந்த ஒரு விஷயத்தில் மட்டும் எப்படி ஒற்றுமையாக இருக்கின்றன?

ஒற்றுமை தானாக வரவில்லை. சட்டம் கொண்டு வந்தது. அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரம் 1940-களிலிருந்தே மோட்டார்ப் புகையால் மூச்சுத் திணறிக்கொண்டிருந்தது. கலிபோர்னியா ராஜ்ய சர்க்கார் கார்ப் புகைக்குக் கட்டுப்பாடுகள் விதித்தது. புதுக் கார் பரீட்சையில் தேறிவிடும். ஐந்து வருஷம் ஓடிய பிறகு அதன் கருவிகள் பழுதாகிப் புகை கக்கினால் யாருக்குத் தெரியும்? ஆகவே, கார் தன் கோளாறைத் தானே கண்டுபிடித்து, ஒரு விளக்கை ஏற்றி, கேட்டவர்களுக்குச் சொல்லவும் வேண்டும் என்று விதி செய்தார்கள். 1988 மாடல் கார்களிலிருந்து அதன் முதல் வடிவம் கலிபோர்னியாவில் வந்தது. 1996 முதல் அமெரிக்காவில் விற்கும் எல்லாக் கார்களிலும் ஒரே துவாரம், ஒரே வகைச் சங்கேத எண்கள் என்பது கட்டாயமாயிற்று. ஐரோப்பா 2001-ல் பெட்ரோல் கார்களிலிருந்து தொடங்கியது. இந்தியாவில் 2010-ல் முதல் படியும், 2013 ஏப்ரலில் இரண்டாம் படியும் அமுலுக்கு வந்தன.

கார்ச் சொந்தக்காரரின் பணப்பையைக் காப்பாற்றுவதற்காக இந்தத் துவாரம் வைக்கப்படவில்லை. ஊர் ஜனங்களின் நுரையீரலைக் காப்பாற்ற வைத்தார்கள். அதன் பலன் சந்து மெக்கானிக்குக்கும் கிடைத்தது. துவாரம் பொதுவானதாக இருந்ததால், கார் பேசுகிற பாஷையை மொழிபெயர்க்கும் பெட்டியைச் செய்வது சுலபமாயிற்று. கானடாவிலுள்ள எல்ம் எலக்ட்ரானிக்ஸ் என்ற சிறிய கம்பெனி எல்ம்-327 என்ற சில்லைச் செய்தது. அதன் முதல் பதிப்பில் நகல் எடுக்க முடியாதபடி பூட்டுப் போட அவர்கள் தவறிவிட்டார்கள். சும்மா இருப்பார்களா? சீனாவிலிருந்து நகல்கள் வெள்ளமாக வந்தன. அசலைச் செய்த கம்பெனி 2022-ல் கடையை மூடிவிட்டது. நகல்களோ உலகமெங்கும் சில நூறு ரூபாய்க்கு விற்கின்றன. நியாயம் எது என்பது ஒரு பக்கம் இருக்கட்டும். பெட்டி மலிவான கதை இதுதான்.

விளக்கு சொல்வதும் சொல்லாததும்

பெட்டியைச் செருகினால் என்ன தெரியும்? ஒரு எழுத்தும் நாலு இலக்கங்களும் தெரியும். 'பி' என்று தொடங்கினால் என்ஜின், கியர் சம்பந்தப்பட்டது. 'சி' என்றால் பிரேக் முதலிய அடிச்சட்டப் பகுதி. பாடி சம்பந்தப்பட்டதற்கும், கம்ப்யூட்டர்கள் தங்களுக்குள் பேசிக்கொள்ளும் கம்பிகளுக்கும் வேறு இரண்டு எழுத்துக்கள். என் நண்பரின் காரில் வந்தது பி-0171. பெட்ரோல் குறைவு, காற்று அதிகம் என்று அதற்குப் பொருள்.

இங்கேதான் பலர் தடுக்கி விழுகிறார்கள். அந்த எண் நோயின் பெயரல்ல, நோயின் குறிதான். ஜுரம் என்றால் மலேரியாவாக இருக்கலாம், டைபாய்டாக இருக்கலாம், வெறும் ஜலதோஷமாகவும் இருக்கலாம். தெர்மாமீட்டரைப் பார்த்து மருந்து எழுதுகிற வைத்தியரை யாராவது நம்புவார்களா? பி-0171 வருவதற்குக் காற்றுக் கசிவு காரணமாக இருக்கலாம். பெட்ரோல் பம்ப் தளர்ந்திருக்கலாம். காற்றை அளக்கும் சென்சாரில் அழுக்குப் படிந்திருக்கலாம். ஆக்ஸிஜன் சென்சாரே கெட்டிருக்கவும் இடமுண்டு.

இவற்றைப் பிரித்தறிய உதவுவது லேப்டாப்பில் ஓடிய எண்கள். என்ஜின் கம்ப்யூட்டர் தன் கணக்குப்படி ஊற்றும் பெட்ரோலுக்கு மேல் எத்தனை சதவீதம் கூட்டுகிறது அல்லது குறைக்கிறது என்பதை அது ஓயாமல் காட்டும். நண்பரின் காரில், சும்மா ஓடும்போது 25 சதவீதம் கூடுதலாகப் பெட்ரோல் போயிற்று. வேகத்தை ஏற்றியதும் அது 5 சதவீதமாக இறங்கிற்று. என்ஜின் மெதுவாக ஓடும்போது உள்ளே போகும் மொத்தக் காற்றே குறைவு. அப்போது சிறு வெடிப்பு வழியாக நுழையும் காற்றும் பெரிய பங்காகிவிடும். வேகமாக ஓடும்போது அதே கசிவு ஒரு பொருட்டல்ல. பம்ப் தளர்ந்திருந்தால் கதை தலைகீழாக இருக்கும். வேகம் ஏற ஏறப் பெட்ரோல் பற்றாமல் போகும். இந்தத் தர்க்கம்தான் அந்த இளைஞரின் கையை ஹோஸுக்குக் கொண்டுபோயிற்று.

பெட்டி எண்ணைத்தான் காட்டியது. நோயைக் கண்டுபிடித்தது மெக்கானிக்கின் மூளை. மலிவுப் பெட்டி வாங்கிவிட்டால் மெக்கானிக் வேண்டாம் என்று நினைக்கிறவர்கள் இதை மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

உள் வீட்டுக் கதவு

இதுவரை சொன்னது வெளித் திண்ணை. சட்டம் கட்டாயப்படுத்தியது புகை சம்பந்தப்பட்ட விவரங்களை மாத்திரமே. இன்றைய காரிலோ என்ஜினுக்கு ஒரு கம்ப்யூட்டர், பிரேக்குக்கு ஒன்று, காற்றுப் பைக்கு ஒன்று, கதவுக்கும் விளக்குக்கும் ஏ.சி.க்கும் தனித்தனி என்று பல கம்ப்யூட்டர்கள் இருக்கின்றன. அவற்றோடு பேச ஒவ்வொரு கம்பெனிக்கும் ஒரு ரகசிய பாஷை. அந்தப் பாஷை தெரிந்த மென்பொருள்தான் டீலர்களிடம் இருக்கிறது.

அந்த மென்பொருள் கோளாறு எண்ணைப் படிப்பதோடு நிற்பதில்லை. ரேடியேட்டர் விசிறியை ஓடச் சொல்லி உத்தரவிடும். ஒரு இன்ஜெக்டரை மட்டும் நிறுத்திப் பார்க்கும். புதிய பாகத்தைக் காருக்கு அறிமுகம் செய்துவைக்கும். சாவி தொலைந்தால் புதுச் சாவியைப் பதிவு செய்யும். ஒரு உதாரணம் சொல்லுகிறேன். பட்டனை அமுக்கினால் போடும் ஹாண்ட் பிரேக் உள்ள கார்களில், பின் சக்கரப் பிரேக் பேடை மாற்ற வேண்டுமானால், முதலில் மோட்டாரைப் பின்னுக்கு இழுத்துக்கொள்ளும்படி கம்ப்யூட்டருக்கு உத்தரவிட வேண்டியிருக்கும். ஸ்பானர் பிடித்து முப்பது வருஷம் பழகிய மெக்கானிக்கும் அந்த உத்தரவு இல்லாமல் கையைக் கட்டிக்கொண்டு நிற்க வேண்டியதுதான்.

இந்த உள் கதவையும் சிலர் திறந்தார்கள். அமெரிக்காவின் பென்ஸில்வேனியாவிலுள்ள ராஸ்-டெக் என்ற சிறு கம்பெனி, வோக்ஸ்வாகன், ஆடி, ஸ்கோடா வகைக் கார்களுக்கு வி.சி.டி.எஸ். என்ற மென்பொருளைச் செய்து விற்கிறது. போர்டு வகைக் கார்களுக்குப் போர்ஸ்கான் என்று ஒன்று இருக்கிறது. இந்தியாவில் போர்டு கார் வைத்திருக்கிறவர்கள் பலர் இதை அறிவார்கள். கம்பெனி 2021-ல் இங்கே கார் உற்பத்தியை நிறுத்துவதாக அறிவித்த பிறகு, பழைய கார்களை வைத்திருப்பவர்களுக்கு இப்படிப்பட்ட மென்பொருள் ஒரு ஊன்றுகோல். ஆனால் போர்டு கார்களில் பல, இரண்டு ஜோடிக் கம்பிகளில் இரண்டு வேகத்தில் பேசும். சாதாரண மலிவுப் பெட்டி ஒரு ஜோடியைத்தான் கேட்கும். இரண்டையும் கேட்கும் பெட்டியாகப் பார்த்து வாங்க வேண்டும்.

மூன்றாவது வழி ஒன்றும் உண்டு. அமெரிக்கச் சட்டத்தின் பயனாக ஜே-2534 என்ற பொதுத் தரத்தில் பெட்டிகள் வந்தன. அந்தப் பெட்டியை வாங்கிக்கொண்டு, கார்க் கம்பெனியின் அசல் மென்பொருளையே சில நாட்களுக்கு வாடகை போல் சந்தா கட்டி உபயோகிக்கலாம். டொயோட்டா போன்ற கம்பெனிகள் அமெரிக்காவில் இப்படி வெளிப்படையாகவே கொடுக்கின்றன. நேர்மையான வழி இது. பெரும் பணம் போட்டு முழு யந்திரமும் வாங்க முடியாத சிறு பட்டறைக்கு ஏற்றதும் இதுதான்.

மலிவுக்கும் உண்டு விலை

நல்லதைச் சொன்ன பிறகு கெட்டதையும் சொல்ல வேண்டும். கம்பெனி மென்பொருளின் திருட்டு நகல்கள் கேபிளோடு சேர்த்தே விற்கின்றன. திருட்டு என்பது ஒருபுறமிருக்க, அவற்றோடு வைரஸும் இலவசமாக வருவதுண்டு. அப்படிப்பட்ட லேப்டாப்பில் பாங்கிக் கணக்கையும் பார்க்கிறவருடைய கதி என்ன?

படிப்பது ஒன்று, எழுதுவது வேறொன்று. கோளாறு எண்ணைப் படிப்பதால் காருக்கு ஆபத்தில்லை. ஆனால் கம்ப்யூட்டரின் உள் எழுத்தை மாற்றுகிற வேலை அப்படியல்ல. பாதியில் பாட்டரி இறங்கினாலும், மட்டமான பெட்டி தொடர்பை விட்டாலும், அந்தக் கம்ப்யூட்டர் செத்த பிணமாகிவிடலாம். காற்றுப் பை விஷயத்தில் விளையாடுவது உயிரோடு விளையாடுவது. டீசல் கார்களில் புகை வடிகட்டியில் சேர்ந்த கரியை லேப்டாப் உத்தரவால் எரிக்கலாம். அப்போது புகைக் குழாய் நெருப்பாய்க் கொதிக்கும். காய்ந்த புல்லின் மேல் நிறுத்திக்கொண்டு அதைச் செய்தால் வண்டியே தீப்பற்றும்.

திருடர்களும் இதே துவாரத்தை அறிவார்கள். கண்ணாடியை உடைத்து உள்ளே புகுந்து, புதுச் சாவியைப் பதிவு செய்து, காரை ஓட்டிக்கொண்டு போகிற திருட்டுக்கள் மேல் நாடுகளில் நடந்திருக்கின்றன.

பழைய கார் வாங்குகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. விற்கிறவர் முதல் நாள் இரவு கோளாறு எண்களை அழித்துவிட்டு, "விளக்கு எரியவே இல்லை பாருங்கள்" என்று சொல்லக்கூடும். எண்ணை அழித்தால், கார் தன்னைத்தானே சோதித்துக்கொள்ளும் சோதனைகளின் முடிவும் அழிந்துபோகும். திரும்பப் பல மைல் ஓடினால்தான் அவை பூர்த்தியாகும். மலிவுப் பெட்டியே அதைக் காட்டிக்கொடுக்கும். 'சோதனை பூர்த்தியாகவில்லை' என்று பல வரிகள் தெரிந்தால், ஒன்று பாட்டரி சமீபத்தில் கழற்றப்பட்டிருக்க வேண்டும். அல்லது யாரோ எதையோ மறைக்கிறார்கள். எதற்கும் ஒரு வாரம் கழித்து வருகிறேன் என்று சொல்லுங்கள்.

பூட்டு வந்த கதை

2015 ஜூலையில் அமெரிக்காவில் ஒரு பரபரப்பு. சார்லி மில்லர், கிரிஸ் வாலசெக் என்ற இரண்டு நிபுணர்கள், சாலையில் ஓடிக்கொண்டிருந்த ஒரு ஜீப் காரைத் தங்கள் வீட்டு நாற்காலியில் உட்கார்ந்தபடியே தொலைவிலிருந்து மடக்கிக் காட்டினார்கள். கம்பெனி 14 லட்சம் வண்டிகளைத் திரும்ப அழைத்துச் சரிசெய்ய நேர்ந்தது. அதன் பிறகு 2018 மாடலிலிருந்து பியட் கிரைஸ்லர் கம்பெனி தன் கார்களுக்குள் ஒரு வாயிற்காவலனை வைத்தது. துவாரத்தில் பெட்டியைச் செருகினால் படிக்கலாம். ஆனால் எண்ணை அழிக்கவோ உத்தரவிடவோ வேண்டுமானால், கம்பெனியின் பதிவேட்டில் பெயர் இருக்க வேண்டும். பிறகு வேறு கம்பெனிகளும் இப்படிப்பட்ட காவலனை நியமித்தன.

கம்பெனிகளின் வாதத்தை அலட்சியம் செய்ய முடியாது. கார் இன்று சக்கரம் வைத்த கம்ப்யூட்டர். கண்டவர்கள் உள்ளே புகுந்தால் உயிர்ச்சேதம் ஏற்படும். ஆனால் ஒரு சிறு விஷயத்தை நினைவூட்ட வேண்டும். அந்த இருவரும் ஜீப்புக்குள் புகுந்தது ஸ்டியரிங்குக்குக் கீழே இருக்கும் துவாரத்தின் வழியாக அல்ல. பாட்டுக் கேட்பதற்காகக் கம்பெனி வைத்திருந்த ரேடியோப் பெட்டியின் ஆகாய மார்க்கத் தொடர்பு வழியாகப் புகுந்தார்கள். திருடன் மாடி ஜன்னலால் வந்தான். பூட்டு வாசல் கதவுக்கும் சேர்த்து விழுந்தது. வீட்டுக்காரனும் இப்போது அனுமதி கேட்டுத்தான் நுழைய வேண்டியிருக்கிறது.

இன்னொரு வாதமும் உண்டு. மென்பொருளைத் திறந்துவிட்டால் புகை விதிகளை ஏமாற்றுவார்கள் என்று 2015 ஜூலையில் அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு இலாகாவே எழுதியது. இரண்டு மாதம் கழித்து, செப்டம்பரில், புகை விதிகளை ஏமாற்றியது யார் என்று அதே இலாகா உலகுக்கு அறிவித்தது. ஏமாற்றியது வோக்ஸ்வாகன் கம்பெனி. பரீட்சையில் ஒரு மாதிரியும் சாலையில் வேறு மாதிரியும் நடக்கும் மென்பொருளை உலகெங்கும் சுமார் 1 கோடியே 10 லட்சம் கார்களில் வைத்திருந்தது. பூட்டிய பெட்டிக்குள் திருட்டு நடந்தால் வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்கு எப்படித் தெரியும்?

வோட்டுப் போட்ட ஜனங்கள்

மாஸசூஸெட்ஸ் ராஜ்யத்தில் இந்த விஷயம் 2012-லேயே வாக்குப் பெட்டிக்கு வந்துவிட்டது. டீலருக்குக் கொடுக்கும் விவரங்களையும் கருவிகளையும் நியாயமான விலைக்கு எல்லா மெக்கானிக்குகளுக்கும் கொடுக்க வேண்டுமா என்று ஜனங்களைக் கேட்டார்கள். நூற்றுக்கு 80-க்கு மேற்பட்டவர்கள் 'ஆம்' என்றார்கள். ஐம்பது ராஜ்யங்களிலும் ஐம்பது சட்டம் வந்துவிடுமோ என்று பயந்து, 2014-ல் கம்பெனிகள் நாடு முழுவதற்கும் அதே ஏற்பாட்டுக்குச் சம்மதித்தன. ஒரு ராஜ்யத்தின் வோட்டு ஒரு தேசத்தின் பட்டறைகளைக் காப்பாற்றிற்று.

பிறகு கார்கள் துவாரத்தை விட்டு ஆகாயத்தில் பேச ஆரம்பித்தன. கோளாறு விவரம் நேரே கம்பெனிக்குப் போய்விட்டால் துவாரத்துக்கு என்ன வேலை? 2020-ல் அதே ஜனங்கள் மறுபடி வோட்டுப் போட்டார்கள். ஆகாயத்தில் போகும் விவரத்தையும் சொந்தக்காரர் சொல்லும் மெக்கானிக் பார்க்கலாம் என்று நூற்றுக்குச் சுமார் 75 பேர் தீர்ப்பளித்தார்கள். கம்பெனிகளின் சங்கம் கோர்ட்டுக்குப் போயிற்று. சுபாரு, கியா கம்பெனிகள் அந்த ராஜ்யத்தில் விற்ற புதுக் கார்களில் அந்த வசதியையே நிறுத்திவிட்டன. மத்திய சர்க்காரின் சாலைப் பாதுகாப்பு இலாகா, 2023 ஜூனில் இந்தச் சட்டத்துக்குக் கீழ்ப்படிய வேண்டாம் என்று கம்பெனிகளுக்கு எழுதியது. ஆகஸ்டில் தன் நிலையைத் தளர்த்திக்கொண்டது. 2025 பிப்ரவரியில் சங்கத்தின் வழக்கை ஜில்லா கோர்ட் தள்ளுபடி செய்தது. சங்கம் விடவில்லை, மேல் கோர்ட்டுக்குப் போயிற்று. மேயின் ராஜ்ய ஜனங்களும் 2023-ல் இதே போன்ற சட்டத்துக்குப் பெரும்பான்மை வோட்டுக் கொடுத்தார்கள்.

ஐரோப்பாவில் விவகாரம் சீக்கிரம் முடிந்தது. ஜெர்மனியில் கார்க் கண்ணாடி மாற்றும் கார்கிளாஸ் கம்பெனியும், ஏ.டி.யு. என்ற பட்டறைக் கம்பெனியும் பியட் கிரைஸ்லரின் வாயிற்காவலனை எதிர்த்து வழக்காடின. பெயரைப் பதிவு செய், எங்கள் கம்ப்யூட்டரோடு இணைந்துகொள், சந்தா கட்டு என்று சட்டத்தில் இல்லாத நிபந்தனைகளைக் கம்பெனி விதிக்க முடியாது என்று 2023 அக்டோபர் 5-ம் தேதி ஐரோப்பிய நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லியது.

நம் நாட்டு நிலைமை

இந்தியா இந்த விஷயத்தில் பின்தங்கியிருந்தது என்று நினைக்க வேண்டாம். 2011-ல் ஒரு தனி மனிதர் இந்தியப் போட்டி ஆணையத்திடம் மனுக் கொடுத்தார். உதிரி பாகங்களும் கோளாறு கண்டுபிடிக்கும் கருவிகளும் வெளிப் பட்டறைகளுக்குக் கிடைப்பதில்லை என்பது அவர் புகார். ஆணையம் விசாரணையை விரிவாக்கியது. 2014 ஆகஸ்ட் 25-ம் தேதி 14 கார்க் கம்பெனிகளுக்குச் சேர்த்துச் சுமார் 2,545 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. பாகங்களையும் கருவிகளையும் வெளி மார்க்கெட்டில் கிடைக்கச் செய்ய வேண்டும் என்றும், வெளி மெக்கானிக்கிடம் போனார் என்ற ஒரே காரணத்துக்காக உத்தரவாதத்தை அடியோடு ரத்து செய்யக்கூடாது என்றும் உத்தரவிட்டது.

அருமையான உத்தரவு. ஆனால் அபராதம் மேல்முறையீடுகளில் சிக்கிக்கொண்டது. 2022 ஜூலையில் மத்திய நுகர்வோர் இலாகா 'ரிப்பேர் செய்யும் உரிமை' பற்றி ஆராய ஒரு கமிட்டி அமைத்தது. விவசாயக் கருவிகள், கைப்பேசிகள், வீட்டுச் சாமான்கள், மோட்டார் வண்டிகள் என நான்கு துறைகள் அதில் அடங்கும். அதே வருஷம் டிசம்பர் 24-ம் தேதி ஒரு இணைய தளமும் திறக்கப்பட்டது. நல்ல ஆரம்பம்தான். ஆனால் இணைய தளம் தகவல் பலகை. தகவல் பலகையைக் காட்டி யாரையும் கோர்ட்டுக்கு இழுக்க முடியாது.

இதில் யாருக்கு என்ன நஷ்டம்? புதுக் கார் வாங்கி நாலு வருஷத்தில் மாற்றிவிடுகிறவருக்கு ஒரு நஷ்டமும் இல்லை. பத்து வருஷக் காரை மூன்றாவது கையாக வாங்குகிற வாத்தியாருக்கும், வாடகைக் கார் ஓட்டிப் பிழைக்கிறவருக்கும்தான் நஷ்டம். கம்பெனி ஒர்க்‌ஷாப் ஐம்பது மைலுக்கு அப்பால் இருக்கும் சிறு ஊர்களை யோசித்துப் பாருங்கள். அங்கே பூட்டை அவிழ்க்க முடியாத கார், கயிறு கட்டி இழுத்துப் போகப்படும் கார். அந்த ஊரில் இருபது வருஷமாகத் தொழில் செய்யும் மெக்கானிக், கை இருந்தும் கண் கட்டப்பட்டவராகிவிடுகிறார்.

மின்சாரக் கார்கள் பெருகும்போது இந்தக் கவலையும் பெருகும். ஓ.பி.டி. துவாரத்தை நமக்குத் தந்தது புகைச் சட்டம் என்று சொன்னேன். மின்சாரக் காருக்குப் புகையே இல்லை. ஆகவே அந்தச் சட்டத்தின் பிடியும் அதற்கில்லை. கலிபோர்னியா இதை முன்கூட்டியே யோசித்து, 2026 மாடலிலிருந்து மின்சாரக் கார்களின் பாட்டரி ஆரோக்கியம் சொந்தக்காரருக்குத் தெரிய வேண்டும் என்று 2022-லேயே விதி செய்திருக்கிறது. அத்தகைய விதி நமக்கும் வேண்டும்.

என்ன செய்யலாம்?

கார் வைத்திருப்பவர்கள் ஒரு சிறு பெட்டி வாங்கி வைத்துக்கொள்வது நல்லது. படிப்பதோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். ஒர்க்‌ஷாப்புக்குப் போகுமுன் எண்ணைக் குறித்துக்கொண்டு போனால், "கம்ப்யூட்டர் சொல்லுகிறது" என்கிறவரிடம், "என்ன சொல்லுகிறது?" என்று கேட்கலாம். அந்த ஒரு கேள்வியே சில ஆயிரம் ரூபாய் பெறும்.

மெக்கானிக்குகள் சங்கமாகச் சேர்ந்து நல்ல பெட்டியும் அசல் மென்பொருளின் சந்தாவும் வாங்கிப் பொதுவில் வைத்துக்கொள்ளலாம். ஐ.டி.ஐ.க்களில் ஸ்பானர் பாடத்தோடு, ஓடுகிற எண்களைப் படிக்கும் பாடத்தையும் அழுத்தமாக நடத்த வேண்டும். கருவி வந்துவிட்டது, படிப்பு வராவிட்டால் சென்சாரை மாற்றுகிறவர்கள்தான் பெருகுவார்கள்.

சர்க்கார் செய்ய வேண்டியது ஒன்றே ஒன்று. 2014-ல் ஆணையம் சொன்னதைச் சட்டமாக எழுத வேண்டும். டீலருக்குக் கிடைக்கும் விவரம், நியாயமான விலைக்கு, தகுதியுள்ள எந்த மெக்கானிக்குக்கும் கிடைக்க வேண்டும். பாதுகாப்புக்காகப் பூட்டு வேண்டுமென்றால் பூட்டட்டும். ஆனால் சாவியை யாருக்குக் கொடுப்பது என்ற முடிவு, ரிப்பேர் வேலையில் லாபம் சம்பாதிக்கும் கம்பெனியின் கையில் மட்டும் இருக்கக்கூடாது.

புதுப்பேட்டை இளைஞரிடம், புறப்படும்போது ஒரு கேள்வி கேட்டேன்: "தம்பி, புதுக் கார் வந்தாலும் இப்படிப் பார்ப்பீர்களா?"

அவர் பெட்டியைத் துடைத்து ஜேபியில் போட்டுக்கொண்டே சொன்னார்: "வேலை தெரியும் சார். கார் பேசணும். பேசக்கூடாதுன்னு அதுக்கு உத்தரவு போட்டிருந்தா நான் என்ன செய்ய?"